நாற்பத்தேழாம் நம்பர் லைன் கிளியர்

புதிதாக வேலைக்குச் சேர்ந்திருக்கும் உங்களுக்கு நான்கு வரி அறிவுரை எழுதித் தரச் சொன்னார்கள். நான்கு வரியில் சொல்லத் தெரிந்திருந்தால் நான் ஏன் ஆயுசில் பாதியை சப்-ஸ்டேஷனில் கழித்திருக்கப் போகிறேன்? ஹெல்மெட் போடு, கையுறை போடு, ஈரக் கையோடு சுவிட்சைத் தொடாதே என்பதெல்லாம் சுவரிலேயே எழுதி வைத்திருக்கிறது. நான் சொல்லப்போவது சுவரில் எழுத முடியாத சங்கதி. அதில் முட்டாள் நான்தான் என்பதால் தாராளமாகச் சிரிக்கலாம்.

உங்களில் பாதிப் பேர் வேலூர், திருத்தணிப் பக்கத்திலிருந்து வந்தவர்கள் என்று கேள்விப்பட்டேன். உங்கள் ஊரில் இடி என்றால் இடி, மின்னல் என்றால் மின்னல், விழும், போகும். எங்கள் சித்தூர்ப் பக்கத்தில் அதற்குப் புத்தி உண்டு. ராமகுப்பத்திலிருந்து திருப்பதி மலையடிவாரம் வரைக்கும் ஒரே இடிமேகம்தான். எந்தக் காலத்திலிருந்து இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது. பார்க்கும், கேட்கும், யோசிக்கும், கோபித்துக்கொள்ளும். சனங்கள் அதை "மேலே இருக்கிறவர்" என்று சொல்லியிருப்பார்கள். ஆனால் திருப்பதியில் அந்தப் பேரில் ஏற்கெனவே ஒருவர் இருக்கிறார். அதனால் எங்கள் இலாகாவில் அதை "எதிர் ஆபீஸ்" என்று அழைக்க ஆரம்பித்தோம். அவர்களிடமும் கரண்ட், நம்மிடமும் கரண்ட். பேச்சுவார்த்தை இல்லாமல் காலம் தள்ள முடியாது.

பேச்சுவார்த்தைக்கு ஒரு கறுப்பு டெலிபோன் இருக்கும். அதன் கம்பி கூரைமேல் நிற்கும் இரும்புத் தடிக்குப் போகும். அதற்கு அப்புறம் எங்கேயும் போகாது. எடுத்துக் காதில் வைத்தால் எதிர் ஆபீஸ் பேசும். அது பேசக் கற்றுக்கொண்டது நம்முடைய டெலிபோன் கம்பிகளில் ஒட்டுக்கேட்டுத்தான். ஆகவே வானத்திலிருந்து வருகிற குரல் கம்பீரமாக இருக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். பலமனேர் லைன்மேன் பேசுகிற மாதிரியே பேசும். பாதி தமிழ், பாதி தெலுங்கு, கொஞ்சம் கெட்ட வார்த்தை. எழுதிக்கொள் என்பதற்கு "ராசுக்கோ" என்று சொல்லும். நாம் சொன்ன நம்பரைத் திருப்பிச் சொல்லிச் சரிபார்க்கும்.

லைன் கிளியர் என்றால் என்னவென்று பயிற்சியில் சொல்லியிருப்பார்கள். கம்பியில் ஆள் ஏறுவதற்கு முன்னால், கரண்ட் அனுப்புகிறவரிடம் "நிறுத்திவிட்டேன், நான் சொல்லும்வரை விடமாட்டேன்" என்று வாக்கு வாங்க வேண்டும். அதற்கு ஒரு நம்பர் உண்டு. வேலை முடிந்து எல்லோரும் இறங்கினதும் அந்த நம்பரைச் சொல்லித் திருப்பிக் கொடுக்க வேண்டும். எங்கள் பக்கத்தில் இரண்டு லைன் கிளியர். ஒன்று கரண்ட் வருகிற பெரிய சப்-ஸ்டேஷனிடம், இன்னொன்று எதிர் ஆபீஸிடம். எனக்கு இந்த விதியைச் சொல்லிக்கொடுத்தது எந்த அதிகாரியும் இல்லை, எதிர் ஆபீஸேதான். நான் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரத்தில் ஒருநாள், வேறொருவர் வாங்கின லைன் கிளியரை நான் திருப்பப் போனேன். டெலிபோனில் ஒரு உறுமல் வந்தது.

"நீ வாங்கனியா?"

"இல்ல, அவரு டீ குடிக்கப் போயிருக்காரு."

"வாங்கனவன்தான் குடுக்கணும். நடுவுல செத்துப்போவக்கூட அவனுக்கு ரைட்டு கெடையாது. கூட்டிக்கினு வா."

அவரை டீக்கடையிலிருந்து கூட்டிக்கொண்டு வந்தேன். இத்தனை தெளிவாகப் பாடம் கேட்டும் எனக்கு அது பின்னால் உதவவில்லை.

பல வருஷம் கழித்து ஒரு வைகாசிக் கடைசியில் எதிர் ஆபீஸ் ஒரு பேய்மழை பெய்துவிட்டுப் போனது. பலமனேருக்கு மேற்கே குன்றின் மேல் ஒரு டவரில் கம்பியைத் தாங்கும் பீங்கான் இரண்டு வெடித்துவிட்டது. முனிரத்னம் என்ற லைன்மேன் மூன்று பேரோடு ஏறினான். நான் பகல் ஷிப்டு ஆபரேட்டர். முறைப்படி இரண்டு லைன் கிளியரும் வாங்கினேன். எதிர் ஆபீஸ் கொடுத்தது நாற்பத்தேழாம் நம்பர்.

அன்றைக்கு மத்தியானம் எனக்குப் பிரமோஷன் ஆர்டர் வந்தது. திருப்பதி ஆபீஸில் மேசை நாற்காலி வேலை. மறுநாள் காலையில் நல்ல நேரத்தில் சேர்ந்துவிட வேண்டும் என்று வீட்டில் ஒரே பிடிவாதம். சாயங்காலம் ஆட்கள் மாலை வாங்கி வந்துவிட்டார்கள், மைசூர்பாகும் வந்துவிட்டது. அதற்குள் முனிரத்னம் "வேலை முடிஞ்சிச்சி, எறங்கிட்டம் சார்" என்று செல்போனில் சொன்னான். பெரிய சப்-ஸ்டேஷனின் லைன் கிளியரை நானே உடனே திருப்பினேன். அதைத் திருப்பாவிட்டால் கரண்ட் வராது. கரண்ட் வராவிட்டால் ஐந்து நிமிஷத்தில் நூறு பேர் போன் போட்டுத் திட்டுவார்கள். எதிர் ஆபீஸுடையது அப்படியில்லை. அப்போதுதான் ஊரையே துவைத்துப் போட்டுவிட்டுப் போயிருந்தது. அதைக் காணோமே என்று தேட அந்த வாரத்தில் யாருமில்லை. கழுத்தில் மாலையோடு, அடுத்த ஷிப்டுக்காரரிடம், "எதிர் ஆபீஸுக்கு நீ ஒரு போன் போட்டுடுப்பா" என்று சொல்லிவிட்டுத் திருப்பதி பஸ் ஏறினேன்.

அவர் போன் போட்டார். "வாங்கனவரு வரட்டும்" என்று பதில் வந்தது. வாங்கினவர் அதற்குள் சித்தூர் தாண்டியிருப்பார் என்று நினைத்து, லாக் புக்கில் "திருப்பப்பட்டது" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டார். அவர்மேல் எனக்குக் கோபமில்லை. காலியாக விட்டால் இன்ஸ்பெக்‌ஷனில் கேள்வி வரும். அவர் இடத்தில் நானும் அதையேதான் எழுதியிருப்பேன்.

ஆனி போயிற்று. ஆடி பிறந்தது. மழை இல்லை.

வானம் வெறுமையாக இருந்தது என்று நினைக்காதீர்கள். பலமனேர் மேட்டின்மேல் கருப்பாக, அசையாமல், நாளுக்கு நாள் தடித்துக்கொண்டு எதிர் ஆபீஸ் நின்றுகொண்டிருந்தது. சொட்டு விழவில்லை, ஒரு மின்னல் இல்லை. கீழே தக்காளி கருகியது, மாடுகளுக்குத் தீவனம் இல்லை. ஊர் ஊராகத் தவளைக்குக் கல்யாணம் செய்து வைத்தார்கள். மாப்பிள்ளைத் தவளை தாலி கட்டுமுன் தப்பித்து ஓடி, வேறு தவளையைப் பிடித்து உட்கார வைத்த கதையெல்லாம் நடந்தது. பலமனேர் ஆபரேட்டர்கள் டெலிபோனில் ஏன் பெய்யவில்லை என்று கேட்டபோதெல்லாம் எதிர் ஆபீஸ் ஒரே பதிலைச் சொன்னது: "நாப்பத்தேழு நிலுவை."

லாக் புக்கைப் புரட்டினார்கள். நாற்பத்தேழுக்கு நேரே "திருப்பப்பட்டது" என்று அழகான கையெழுத்தில் இருந்தது. நம்முடையது எழுத்தில் இருக்கிறது, அதனுடையது வெறும் வாய்வார்த்தை. யாரை நம்புவது? "நம் தரப்பில் நிலுவை ஏதுமில்லை, எதிர்த் தரப்பு குழப்பத்தில் உள்ளது" என்று டிவிஷன் ஆபீஸுக்கு எழுதினார்கள். டிவிஷன் அதை மேலே அனுப்பியது. அது கடைசியாக ஒரு புது மேசைக்கு வந்தது. அந்த மேசைக்குப் பின்னால் இருந்தது நான்.

நான் என்ன செய்தேன் தெரியுமா? "ஆவணங்கள் சரிபார்க்கப்பட்டன, நாற்பத்தேழாம் எண் நிலுவையில் இல்லை" என்று சுத்தமாக ஒரு பதில் எழுதிக் கையெழுத்திட்டு அனுப்பினேன். என் கையால் வாங்கின நம்பர் எனக்கே அடையாளம் தெரியவில்லை. எல்லோரும் நம்பரைத்தான் பார்த்தார்களே தவிர, அதை வாங்கியது யார் என்று ஒருத்தரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை.

என் தங்கை மல்லிகா வெதுருகுப்பத்தில் இருக்கிறாள். வைகாசி மழையின் ஈரத்தை நம்பி இரண்டு ஏக்கரில் வேர்க்கடலை விதைத்திருந்தாள். ஆடிக் கடைசியில் ஒருநாள் போன் செய்தாள்.

"ணா, செடி பூ வுட்டு நிக்குது. இன்னும் எட்டு நாள் தாங்காது. நீ அந்த ஆபீஸ்லதானே உக்காந்துக்கினு கீறே? இன்னா பண்ணிக்கினு கீறீங்க எல்லாரும்?"

"கமிட்டி போட்டிருக்காங்கம்மா."

"கமிட்டியத் துன்னவா முடியும்? நீதானே அதுங்கூட அத்தினி வருசம் பேசிக்கினு இருந்தே. உன் வாயத் தெறந்து ஒரு வார்த்த கேட்டா இன்னா, கிரீடம் எறங்கிடுமா?"

கிரீடம் என்று அவள் சொன்னது பிரமோஷனை. சுருக்கென்றது. மறுநாள் லீவு போட்டுவிட்டு பலமனேர் போனேன்.

என் பழைய கண்ட்ரோல் ரூமில் கூட்டம். எங்கள் இன்ஜினியர் இருந்தார், வாசலில் நாற்பது ஐம்பது விவசாயிகள் இருந்தார்கள். திருப்பதியிலிருந்து பெரிய அதிகாரி வந்திருக்கிறார் என்று வழிவிட்டார்கள். நானும் அந்த மிதப்பில், தொண்டையைச் செருமிக்கொண்டு டெலிபோனை எடுத்தேன்.

"வணக்கம். திருப்பதி ஆபீஸிலிருந்து பேசுகிறேன்..."

"தாமோதரனா? எங்கய்யா பூட்ட நீ? நாப்பத்தேழு உம் பேர்ல நிக்குதே!"

மாலை, மைசூர்பாகு, பஸ், எல்லாம் வரிசையாக ஞாபகம் வந்தது. நான் எழுதின பதிலும் ஞாபகம் வந்தது. சுற்றிலும் இருந்தவர்கள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் பொய் சொல்லித் தப்பிக்க அங்கே ஒரு வழியுமில்லை, ஏனென்றால் அது பேசுவது அந்த ரூம் முழுக்கக் கேட்கும்.

"மறந்துட்டேன்பா" என்றேன். வேறு என்ன சொல்ல?

அது திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "எத்தினி பேரு ஏறனாங்க?" என்று கேட்டது.

"நாலு பேரு."

"எத்தினி பேரு எறங்கனாங்க?"

"நாலு பேரு."

"நீ பாத்தியா?"

இங்கேதான் நீங்கள் கவனிக்க வேண்டும். முனிரத்னம் இறங்கிவிட்டதாகச் செல்போனில் சொன்னான், நான் கண்ணால் பார்க்கவில்லை. ஆனால் அது நடந்து இரண்டு மாசம். எந்த மனுஷனும் இரண்டு மாசம் டவர்மேல் உட்கார்ந்திருக்க மாட்டான். "பார்த்தேன்" என்று சொன்னால் முடிந்தது, அடுத்த நிமிஷம் மழை. இன்ஜினியர் "சொல்லு, சொல்லு" என்று கையை ஆட்டுகிறார். வாசலில் ஒரு கிழவர் என்னைப் பார்த்துக் கும்பிடுகிறார். ஜன்னல் கண்ணாடி முழுக்க அதிர்ந்துகொண்டிருந்தது. மீட்டர்களில் முள் நடுங்கியது. டெலிபோனில் அதன் குரல் தாழ்ந்து வந்தது.

"சீக்கிரம் சொல்லுபா. ரெண்டு மாசமா புடிச்சிக்கினு கீறேன். முடியல."

அவ்வளவு பெரிய ஒன்று என்னிடம் கெஞ்சியதை நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. "ஆமாம்" என்ற சொல் என் வாய்க்குள் வந்துவிட்டது. எது தடுத்தது என்று பிற்பாடு பலர் கேட்டார்கள். நேர்மை என்று சொல்ல ஆசைதான். உண்மை என்னவென்றால் பயம். இந்த நம்பரில் ஏற்கெனவே இரண்டு பேர் பார்க்காமல் கையெழுத்துப் போட்டிருந்தோம். அதில் ஒருவன் நான். மூன்றாவது தடவையும் பார்க்காமல் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை.

"பாக்கல" என்றேன். "ஒரு மணி நேரம் குடு. பாத்துட்டு வந்து சொல்றேன்."

கூரைத் தடியில் ஒரு முனகல் ஓடியது. பிறகு, "சரே. டைம் பதினொன்னு இருவது. ராசுக்கோ" என்றது.

இன்ஜினியர் தலையில் அடித்துக்கொண்டார். "பைத்தியமாய்யா உனக்கு? அங்க இன்னா இருக்கும், காக்கா இருக்கும்!" வாசலில் இருந்தவர்கள் சொன்னதை இங்கே எழுத முடியாது. ஒரு பையனின் பைக்கைக் கடன் வாங்கிக்கொண்டு குன்றுக்குப் போனேன். வழியெல்லாம் என்னை நானே திட்டிக்கொண்டு போனேன். மல்லிகாவின் செடி கண்முன்னே நின்றது.

டவரின் மேல் காக்கை இல்லை. முனிரத்னம் இருந்தான்.

அவனோடு அதே மூன்று பேர். கருமேகம் அவர்கள் தலைக்கு மேல் கை எட்டும் உயரத்தில் தொங்குகிறது, முனிரத்னம் பீடியைக் காதில் செருகிக்கொண்டு பீங்கான் மாட்டிக்கொண்டிருக்கிறான்.

"யார் கிட்டடா லைன் கிளியர் வாங்கனே?" என்று கீழேயிருந்து கத்தினேன்.

"பெரிய சப்-ஸ்டேசன்ல நானே நேரா போன் போட்டு வாங்கிட்டேன் சார்! காலைலயே! இன்னொரு பீங்கானும் வெடிப்பு வுட்டுக்கினு கீது!"

"எதிர் ஆபீஸ்ல?"

சிரித்தான். "அதுங்கிட்ட எதுக்கு சார்? ரெண்டு மாசமா செத்த பாம்பு மாதிரி தொங்கிக்கினு கீது. இப்பல்லாம் யாரும் கேக்கறது இல்ல."

"எறங்குடா!" என்றேன்.

"ரெண்டே ரெண்டு நட்டு பாக்கி சார்!"

"நட்டு கிடக்கட்டும், எறங்கு! நீ எறங்கலன்னா நான் ஏறி வருவேன்!"

என் தொப்பையை மேலேயிருந்து ஒருமுறை அளந்து பார்த்தான். நான் ஏறினால் என்னை இறக்குவது அவன் தலையில்தான் விழும் என்று புரிந்திருக்க வேண்டும். நால்வரும் இறங்கினார்கள். ஒவ்வொருவன் தோளையும் தொட்டு எண்ணினேன். இரண்டாவது தடவையும் எண்ணினேன். மூன்றாவது தடவை எண்ணும்போது முனிரத்னம், "சார், நாங்க நாலு பேருதான், குட்டி போடல" என்றான்.

மிச்சத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன். எனக்கு மெமோ வந்தது. இரண்டு மாசம் லைன் கிளியரைத் திருப்பாததற்காக இல்லை. அதை விசாரித்தால் லாக் புக்கில் தொடங்கி என் பதில்வரை ஏழெட்டுக் கையெழுத்துகளை விசாரிக்க வேண்டும். "மழையை ஒரு மணி நேரம் காரணமின்றித் தாமதப்படுத்தியதற்காக" மெமோ. முனிரத்னம் மேலே இருந்ததை நான் எழுதிக் கொடுத்தால் அவன் வேலை போகும் என்பதால், காரணம் என்ற இடத்தில் "ஞாபக மறதி" என்று எழுதினேன். மழைக்குக் காரணம் இரண்டாவது மாப்பிள்ளைத் தவளை என்று ஊர் முடிவு செய்தது. மல்லிகாவின் கடலை முக்கால்வாசி பிழைத்தது. பிழைக்காத கால்வாசிக்கு இன்றுவரை என்னைத்தான் சொல்கிறாள். அந்த ஒரு மணி நேரம் போதாதா அவளுக்கு.

ஆனால் நான் உங்களுக்குச் சொல்ல வந்தது அன்று பன்னிரண்டே காலுக்கு நடந்தது. நால்வரையும் கண்ட்ரோல் ரூமுக்குக் கூட்டிக்கொண்டு வந்தேன். டெலிபோனை எடுத்து, "நாலு பேரும் கீழ. நானே பாத்தேன், தொட்டுப் பாத்தேன்" என்றேன். அது நம்பவில்லை. நம்புகிற மாதிரியா நாங்கள் நடந்துகொண்டோம்? "ஒவ்வொருத்தனா பேசச் சொல்லு" என்றது. ஒவ்வொருவனாக வாங்கித் தன் பேரைச் சொன்னான். முனிரத்னம் கடைசி. அவன் பேரை மட்டும் அது திருப்பிச் சொல்லிச் சரிபார்த்தது.

"நாப்பத்தேழு கேன்சல். டைம் ராசுக்கோ" என்றது. பிறகு மழை இறங்கியது.

இரண்டு மாச மழை. ஒன்றுமே தெரியவில்லை, குன்று தெரியவில்லை, வாசல் மரம் தெரியவில்லை. வெளியே விவசாயிகள் நனைந்துகொண்டு கூச்சல் போட்டார்கள், இன்ஜினியர்கூட செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கினார். குன்றின்மேல் நாங்கள் விட்டுவந்த டவரில் மின்னல் ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்துகொண்டே இருந்தது. மறுநாள் போய்ப் பார்த்தபோது அதன் மேல்பாதி உருகிச் சாய்ந்திருந்தது. முனிரத்னம் மட்டும் நனையப் போகவில்லை. என் பக்கத்தில் ஜன்னலோரம் நின்று டவர் இருந்த திசையையே பார்த்துக்கொண்டிருந்தான். காதிலிருந்த பீடியை எடுத்தான், பற்றவைக்காமல் மறுபடியும் காதில் செருகிக்கொண்டான்.

"சார்," என்றான், "அது நெஜமாவே இத்தினி நாளும் எங்களுக்காகவா புடிச்சிக்கினு இருந்துச்சி?"

"ஆமா."

"நாங்க அன்னிக்கி சாயந்திரமே எறங்கி ஊட்டுக்குப் பூட்டமே சார்."

"அதுங்கிட்ட யாரும் சொல்லல முனிரத்னம்," என்றேன்.